பயோஸ் செட்டப்: உள்ளே போவது எப்படி, எதைத் தொடலாம், எதைத் தொடக்கூடாது

பவர் பட்டனை அழுத்தியதும் விண்டோஸ் வந்துவிடுகிறது என்றுதான் பலரும் நினைக்கிறோம். உண்மையில் விண்டோஸ் எழுவதற்கு முன்பே வேறொரு நிரல் எழுந்து தன் வேலையை முடித்துவிடுகிறது. ஹார்டு டிஸ்க்கை முழுவதுமாகக் கழற்றிவைத்துவிட்டு ஆன் செய்தாலும் திரையில் கம்பெனி லோகோ வருகிறது அல்லவா? அதைக் காட்டுவது அந்த நிரல்தான். அது டிஸ்க்கில் இல்லை. மதர்போர்டிலேயே பற்றவைக்கப்பட்ட, விரல் நகத்தைவிடச் சிறிய ஒரு ஃபிளாஷ் சிப்பில் இருக்கிறது. பிராசஸர் சரியாக இருக்கிறதா, ரேம் எவ்வளவு, கீபோர்டு இணைந்திருக்கிறதா, எந்தெந்த டிஸ்க்குகள் இருக்கின்றன என்று சில நொடிகளில் பார்த்துவிட்டு, "இந்த டிஸ்க்கிலிருந்து விண்டோஸை எழுப்பு" என்று பொறுப்பை ஒப்படைக்கிறது.

அந்த நிரலுக்குப் பயோஸ் என்று பெயர். எந்த டிஸ்க்கிலிருந்து எழுப்புவது, எந்த வசதியை ஆன் செய்வது என்று அதற்கு நாம் சொல்லிவைக்கும் பக்கம்தான் பயோஸ் செட்டப். நம் ஊரில் இதைப் பற்றி ஒரு தேவையற்ற பயம் இருக்கிறது. "அதுக்குள்ள கை வைக்காதே, மெஷின் போயிடும்" என்று சொல்லியே பலரையும் வாசலில் நிறுத்திவிடுகிறார்கள். இரண்டு நிமிடத்தில் நாமே மாற்றக்கூடிய ஒரு வரிக்காக சர்வீஸ் கடையில் பணம் கொடுத்துவிட்டு வருகிறோம். உள்ளே போய்ப் பார்ப்பதால் எதுவும் கெடாது. மாற்றிய பெரும்பாலான விஷயங்கள் நீங்கள் சேமித்தால்தான் நிலைக்கும். சேமிக்காமல் வெளியேறினால் பழையபடியே இருக்கும். உண்மையாகவே கவனம் தேவைப்படும் இடங்கள் நான்கைந்துதான். அவற்றைத் தெரிந்துவைத்துக்கொண்டால் மற்றவற்றைப் பயமின்றிப் பார்க்கலாம்.

பயோஸ் என்ற பெயர் 1970களில் கேரி கில்டால் எழுதிய சிபி/எம் இயங்குதளத்தில் பிறந்தது. 1981இல் வந்த ஐபிஎம் பிசியில் செட்டப் பக்கம் என்று எதுவும் கிடையாது. எவ்வளவு மெமரி, எத்தனை ஃபிளாப்பி டிரைவ் என்பதையெல்லாம் மதர்போர்டில் இருந்த குட்டி ஸ்விட்சுகளை மேலும் கீழும் தள்ளித்தான் சொல்ல வேண்டும். 1984இல் வந்த ஐபிஎம் ஏடி கம்ப்யூட்டரில்தான் இந்த விவரங்களைப் பேட்டரி உதவியோடு நினைவில் வைத்திருக்கும் சிமாஸ் மெமரி வந்தது. அப்போதும் மாற்றுவதற்குத் தனியாக ஒரு ஃபிளாப்பியைப் போட வேண்டியிருந்தது. செட்டப் பக்கம் சிப்புக்குள்ளேயே குடியேறியது அதன்பிறகுதான். இன்று பல கம்ப்யூட்டர்களின் செட்டப் பக்கத்தில் அமெரிக்கன் மெகாட்ரெண்ட்ஸ் என்ற பெயரைப் பார்க்கலாம். பயோஸ் எழுதித்தரும் அந்த நிறுவனத்தை 1985இல் எஸ். சங்கர் உள்ளிட்டோர் அமெரிக்காவில் தொடங்கினார்கள். சென்னையிலும் அதற்கு அலுவலகம் உண்டு.

இப்போது விற்கும் கம்ப்யூட்டர்களில் இருப்பது பழைய பயோஸ் அல்ல, அதன் இடத்துக்கு வந்த யூஇஎஃப்ஐ. இன்டெல் தொடங்கிவைத்த முயற்சி, 2005 முதல் பல நிறுவனங்கள் சேர்ந்த அமைப்பின் பொறுப்பில் வளர்கிறது. பழைய முறையில் 2 டிபிக்கு மேற்பட்ட டிஸ்க்கை முழுதாகப் பயன்படுத்தி அதிலிருந்து பூட் செய்ய, அதாவது விண்டோஸை எழுப்ப, வழியில்லை, இதில் உண்டு. ஆனாலும் பேச்சுவழக்கில் எல்லோரும் பயோஸ் என்றே சொல்கிறோம், நானும் அப்படியே எழுதுகிறேன்.

உள்ளே போகும் வழி

ஆன் செய்த உடனே, லோகோ தெரியும்போதே, ஒரு குறிப்பிட்ட பட்டனைத் தட்ட வேண்டும். ஒருமுறை அழுத்திவிட்டுக் காத்திருக்காதீர்கள். பவர் பட்டனிலிருந்து கை எடுத்ததுமே விட்டுவிட்டுத் தட்டிக்கொண்டே இருங்கள். டெஸ்க்டாப்பில் பெரும்பாலும் டெலிட் பட்டன். டெல், ஏசர், ஆசுஸ் லேப்டாப்களில் எஃப்2. ஹெச்பியில் எஃப்10, அல்லது எஸ்கேப் தட்டினால் வரும் பட்டியலில் அதைத் தேர்ந்தெடுக்கலாம். லெனோவாவில் திங்க்பேட் என்றால் எஃப்1, ஐடியாபேட் என்றால் எஃப்2. சில லெனோவா மாடல்களில் பக்கவாட்டில் ஊசி முனை நுழையும் அளவுக்கு ஒரு துளை இருக்கும். மெஷின் ஆஃபில் இருக்கும்போது சிம் எடுக்கும் ஊசியால் அதை அழுத்தினால் நேராக ஒரு மெனு வரும். எஃப் வரிசைப் பட்டன்கள் வால்யூம், பிரைட்னஸ் வேலை செய்யும் லேப்டாப்பாக இருந்தால் எஃப்என் பட்டனையும் சேர்த்து அழுத்திப் பாருங்கள்.

எவ்வளவு தட்டினாலும் நேராக விண்டோஸே வருகிறது என்பதுதான் பலரும் சொல்லும் புகார். அதற்குக் காரணம் உண்டு. விண்டோஸ் 8 முதல் ஷட்டவுன் என்பது பெரும்பாலும் முழு ஷட்டவுன் அல்ல. ஃபாஸ்ட் ஸ்டார்ட்டப் என்ற வசதி, அடுத்தமுறை சீக்கிரம் எழுவதற்காக நிலைமையைப் பாதியில் சேமித்துவிட்டுத் தூங்கப் போகிறது. எஸ்எஸ்டி என்ற புதிய வகை டிஸ்க்கின் வேகமும் சேர்ந்துகொள்ள, பட்டனைக் கவனிக்கும் நேரம் கண் இமைக்கும் பொழுதாகச் சுருங்கிவிடுகிறது. எனவே ஷட்டவுன் செய்து ஆன் செய்வதைவிட ரீஸ்டார்ட் கொடுத்துவிட்டுத் தட்டுவது நல்லது.

இதைவிட உறுதியான வழி விண்டோஸுக்குள்ளேயே இருக்கிறது. ஷிஃப்ட் பட்டனை அழுத்திப் பிடித்தபடி ரீஸ்டார்ட்டை கிளிக் செய்யுங்கள். நீலத் திரை ஒன்று வரும். அதில் டிரபிள்ஷூட், பிறகு அட்வான்ஸ்டு ஆப்ஷன்ஸ், அதற்குள் யூஇஎஃப்ஐ ஃபர்ம்வேர் செட்டிங்ஸ். ரீஸ்டார்ட் ஆகி நேராகப் பயோஸ் பக்கத்துக்கே வந்து நிற்கும், எந்தப் பட்டனையும் தட்ட வேண்டாம். அந்த வரியே அங்கே இல்லையென்றால், உங்கள் விண்டோஸ் பழைய லெகஸி முறையில் நிறுவப்பட்டிருக்கலாம். ஸ்டார்ட் மெனுவில் சிஸ்டம் இன்ஃபர்மேஷன் என்று தேடித் திறந்து, பயோஸ் மோட் என்ற வரியைப் பாருங்கள். யூஇஎஃப்ஐ அல்லது லெகஸி என்று எழுதியிருக்கும். இது பின்னால் நமக்கு வேண்டியிருக்கும், குறித்துவைத்துக்கொள்ளுங்கள்.

முதல் திரை

லேப்டாப் என்றால் பெரும்பாலும் சாம்பல் அல்லது நீலப் பின்னணியில் வெறும் எழுத்துகள். மேலே மெயின், அட்வான்ஸ்டு, செக்யூரிட்டி, பூட், எக்ஸிட் என்று தலைப்புகள். இடது வலது அம்புக்குறியால் தலைப்பு மாறும், மேல் கீழ் அம்புக்குறியால் வரி மாறும், என்டர் தட்டினால் திறக்கும். வலப்பக்க ஓரத்தில், நீங்கள் நிற்கும் வரி என்ன செய்யும் என்று ஓரிரு வாக்கியத்தில் விளக்கம் இருக்கும். பலர் இதைக் கவனிப்பதே இல்லை. அது உதவிக்காகவே வைத்திருக்கும் இடம். வலது மூலையில் எஃப்9 என்றால் கம்பெனி வைத்த நிலைக்கு, எஃப்10 என்றால் சேமித்து வெளியேறு, எஸ்கேப் என்றால் வெளியேறு என்பது போன்ற குறிப்பும் உண்டு. டெஸ்க்டாப் போர்டுகளில் மவுஸும் வேலை செய்யும், வெப்பநிலை, ஃபேன் வேகம் என்று படம் காட்டும். முழுப் பட்டியலையும் பார்க்க எஃப்7 தட்டி அட்வான்ஸ்டு மோடுக்குப் போகச் சொல்லும் போர்டுகளும் இருக்கின்றன.

எதையும் மாற்றுவதற்கு முன் ஒரு வேலை செய்யுங்கள். போனை எடுத்து ஒவ்வொரு பக்கத்தையும் படம் பிடித்துக்கொள்ளுங்கள். இந்தக் கட்டுரையில் ஒன்றை மட்டும் நினைவில் வைத்தால் போதுமென்றால், இதைத்தான் சொல்வேன். பிறகு ஒரு நேரத்தில் ஒரு மாற்றம். சேமித்து, விண்டோஸ் ஒழுங்காக வருகிறதா என்று பார்த்துவிட்டு அடுத்தது.

மெயின் பக்கத்தில் மாற்ற அதிகம் ஒன்றும் இருக்காது, ஆனால் படிக்க இருக்கிறது. செகண்ட் ஹேண்ட் லேப்டாப் வாங்கப் போகிறவர்கள் கட்டாயம் இங்கே வந்து பார்க்க வேண்டும். பிராசஸர் எது, ரேம் எவ்வளவு, சீரியல் நம்பர் என்ன என்பதெல்லாம் விண்டோஸைக் கேட்காமலேயே தெரியும். சீரியல் நம்பரை லேப்டாப்பின் அடியில் ஒட்டியிருப்பதோடு ஒப்பிடுங்கள். உள்ளே நுழையும்போதே பாஸ்வேர்டு கேட்டு, விற்பவருக்கும் அது தெரியவில்லை என்றால் அந்த மெஷினை வாங்காதீர்கள். செக்யூரிட்டி பக்கத்தில் கம்ப்யூட்ரேஸ் அல்லது அப்சலூட் என்ற வரி ஆக்டிவேட்டட் என்று காட்டினாலும் யோசிக்க வேண்டும். ஏதோ ஒரு நிறுவனம் தன் சொத்தைக் கண்காணிக்கப் போட்டுவைத்த வசதி அது, விண்டோஸை மாற்றினாலும் போகாது.

கல்லூரி மாணவர்கள் பயோஸைத் தேடி வருவது பெரும்பாலும் விர்ச்சுவலைசேஷனுக்காக, அதாவது ஒரு கம்ப்யூட்டருக்குள் இன்னொரு இயங்குதளத்தை ஓட்டும் வசதிக்காக. விர்ச்சுவல்பாக்ஸ் ஓடவில்லை, ஆண்ட்ராய்டு எமுலேட்டர் திணறுகிறது, விண்டோஸுக்குள் லினக்ஸ் நிறுவ முடியவில்லை என்றால், முதலில் டாஸ்க் மேனேஜரைத் திறந்து பெர்ஃபார்மன்ஸ், சிபியு என்று போய், கீழே விர்ச்சுவலைசேஷன் என்ற வரியைப் பாருங்கள். டிஸேபிள்டு என்றிருந்தால் பயோஸில் ஆன் செய்ய வேண்டும். இன்டெல் மெஷினில் இன்டெல் விர்ச்சுவலைசேஷன் டெக்னாலஜி என்ற பெயரிலேயே இருக்கும், கண்டுபிடிப்பது எளிது. ஏஎம்டியில்தான் தடுமாறுவார்கள், அங்கே அதன் பெயர் எஸ்விஎம் மோட். அட்வான்ஸ்டு பக்கத்தில் சிபியு கான்ஃபிகரேஷனுக்குள் தேடுங்கள். சில டெஸ்க்டாப் போர்டுகளில் ஓவர்கிளாக்கிங் தலைப்புக்குள் வைத்திருப்பார்கள். இதை எனேபிள் செய்வதால் டிஸ்க்கில் இருக்கும் எதற்கும் ஆபத்தில்லை. முதல்முறை பயோஸுக்குள் போகிறவர்களுக்குப் பழகிக்கொள்ள இதைவிட நல்ல மாற்றம் கிடையாது.

அடுத்து பூட் வரிசை. பென்டிரைவிலிருந்து விண்டோஸோ லினக்ஸோ நிறுவ வேண்டுமென்றால் எல்லோரும் பூட் பக்கத்துக்குப் போய் வரிசையையே மாற்றிவிடுகிறார்கள். அது தேவையில்லை. ஒருமுறைக்கு மட்டும் எதிலிருந்து எழ வேண்டும் என்று கேட்கும் தனி மெனு இருக்கிறது: டெல், லெனோவாவில் எஃப்12, ஹெச்பியில் எஃப்9, ஆசுஸ் லேப்டாப்பில் எஸ்கேப், எம்எஸ்ஐயில் எஃப்11. ஏசரிலும் எஃப்12தான், ஆனால் பல மாடல்களில் அது அணைந்தே வரும். பயோஸுக்குள் எஃப்12 பூட் மெனு என்ற வரியை எனேபிள் செய்த பிறகுதான் வேலை செய்யும். அந்த மெனுவில் உங்கள் பென்டிரைவ் இரண்டு முறை தெரிந்தால் குழம்ப வேண்டாம். பெயருக்கு முன்னால் யூஇஎஃப்ஐ என்று இருப்பது புதிய முறை, வெறும் பெயர் பழைய முறை. நிறுவும்போது யூஇஎஃப்ஐ உள்ளதைத்தான் தேர்ந்தெடுக்க வேண்டும். மாறித் தேர்ந்தெடுத்தால், பாதி வழியில் "இந்த டிஸ்க்கில் நிறுவ முடியாது" என்று நின்றுவிடும். டிஸ்க் கெட்டுவிட்டது என்று நினைத்து ஃபார்மேட் செய்பவர்களும் உண்டு.

விண்டோஸ் 10க்கான இலவச ஆதரவு 2025 அக்டோபர் 14 அன்று முடிந்துவிட்டதால், விண்டோஸ் 11க்கு மாறும்போது டிபிஎம், செக்யூர் பூட் என்ற இரண்டும் பலருக்குக் குறுக்கே நிற்கின்றன. விண்டோஸ் 11 டிபிஎம் 2.0 கேட்கிறது. அது என்கிரிப்ஷன் சாவிகளை, அதாவது டேட்டாவை வேறு யாரும் படிக்க முடியாதபடி பூட்டும் சாவிகளை, பத்திரமாக வைத்திருக்கும் இடம். பல கம்ப்யூட்டர்களில் பிராசஸருக்குள்ளேயே இருக்கிறது, அணைந்து கிடக்கிறது, அவ்வளவுதான். புதிதாக வாங்க வேண்டியதில்லை. இன்டெல்லில் பிடிடி என்றும் ஏஎம்டியில் எஃப்டிபிஎம் என்றும் இருக்கும் வரியை எனேபிள் செய்தால் போதும். செக்யூர் பூட் என்பது, கையொப்பம் சரியாக உள்ள இயங்குதளத்தை மட்டும் எழுப்பும் காவல். அது வேலை செய்ய, பழைய முறையில் எழுப்பவும் அனுமதிக்கும் சிஎஸ்எம் அல்லது லெகஸி சப்போர்ட் என்ற வரி டிஸேபிள் ஆகியிருக்க வேண்டும்.

நிதானம் வேண்டிய இடம் இங்கேதான் தொடங்குகிறது. முன்பு சிஸ்டம் இன்ஃபர்மேஷனில் பார்த்தோமே, அங்கே லெகஸி என்றிருந்தால், சிஎஸ்எம்மை அணைத்த மறுகணம் விண்டோஸ் வராது. பூட் டிவைஸ் இல்லை என்று சொல்லும். பதற வேண்டாம், டேட்டா எதுவும் அழியவில்லை. திரும்பப் போய் சிஎஸ்எம்மை ஆன் செய்தால் பழையபடி வரும். நிரந்தரமாக மாற, டிஸ்க்கைப் புதிய முறைக்கு மாற்றும் கருவி ஒன்றை மைக்ரோசாஃப்ட்டே விண்டோஸுடன் தருகிறது. பேக்கப் எடுத்துவிட்டு முதலில் அதைச் செய்து, பிறகு பயோஸுக்கு வர வேண்டும்.

சாட்டா மோட் அடுத்தது. டிஸ்க்கோடு கம்ப்யூட்டர் எந்த முறையில் பேச வேண்டும் என்று சொல்லும் வரி இது. ஏஹெச்சிஐ, ரெய்டு என்று இருக்கும். புதிய இன்டெல் லேப்டாப்களில் விஎம்டி என்ற பெயரில் இருக்கும். விண்டோஸ் நிறுவிய பிறகு இதை மாற்றினால் நீலத் திரையில் இன்அக்சஸிபிள் பூட் டிவைஸ் என்று வந்து நிற்கும். இதுவும் டேட்டா இழப்பு அல்ல, திருப்பி வைத்தால் சரியாகிவிடும். எந்த மோட் இருந்தது என்பது நினைவில்லாதபோதுதான் சிக்கல். போனில் எடுத்த படம் அப்போது கைகொடுக்கும். புதிதாக விண்டோஸ் நிறுவும்போது எஸ்எஸ்டியே பட்டியலில் தெரியவில்லை என்றாலும் காரணம் பெரும்பாலும் இந்த விஎம்டிதான். லேப்டாப் கம்பெனியின் தளத்திலிருந்து இன்டெல்லின் ஸ்டோரேஜ் டிரைவரை இறக்கி பென்டிரைவில் போட்டு, நிறுவும் திரையில் லோட் டிரைவர் கொடுத்தால் எஸ்எஸ்டி தெரிந்துவிடும்.

கிளியர் டிபிஎம் என்ற வரியைத் தொடவே தொடாதீர்கள். டிஸ்க்கில் உள்ளதைப் பூட்டிவைக்கும் விண்டோஸின் பிட்லாக்கர் என்கிரிப்ஷன் புதிய லேப்டாப்கள் பலவற்றில் நாம் கேட்காமலேயே ஆன் ஆகியிருக்கிறது. டிபிஎம்மை அழித்தாலோ, சில சமயம் செக்யூர் பூட்டை மாற்றினாலோ, அடுத்தமுறை 48 இலக்க ரெகவரி கீ கேட்கும். அது இல்லாவிட்டால் உள்ளே இருக்கும் படங்கள், ஃபைல்கள் எல்லாம் நிரந்தரமாகப் போனதுதான். எந்தக் கடையிலும் மீட்க முடியாது. ஆகவே பாதுகாப்பு சார்ந்த எதையும் மாற்றுவதற்கு முன், மைக்ரோசாஃப்ட் அக்கவுன்ட்டில் லாகின் செய்து அந்த எண் இருக்கிறதா என்று பார்த்து, தாளில் எழுதிவைத்துக்கொள்ளுங்கள். செக்யூர் எரேஸ் என்ற வரியும் இதே ரகம். அது டிஸ்க்கை முழுதாகத் துடைத்துவிடும், எஃப்10க்குக் காத்திருக்காது.

பயோஸ் பாஸ்வேர்டு போடுவதும் எனக்குப் பிடித்த யோசனை அல்ல. டெஸ்க்டாப்பில் மறந்தால் சரிசெய்யலாம். லேப்டாப்பில் மறந்தால் பேட்டரியைக் கழற்றினாலும் பெரும்பாலும் போகாது. பில்லோடு கம்பெனி சர்வீஸுக்குத்தான் போக வேண்டும்.

நேரம் தவறும் கம்ப்யூட்டர்

ஒருநாள் பிரவுசரைத் திறந்தால் எந்தத் தளமும் திறக்காமல், இணைப்பு பாதுகாப்பானதல்ல, உங்கள் கடிகாரம் பின்தங்கியிருக்கிறது என்று வருகிறதா? ஓரத்தில் பாருங்கள், தேதி பல வருடம் பின்னால் இருக்கும். தளங்களின் சான்றிதழ்களுக்குத் தொடக்க, முடிவுத் தேதி உண்டு. தேதி தவறினால் பிரவுசர் எதையும் நம்பாது. காரணம், மதர்போர்டில் இருக்கும் காசு வடிவப் பேட்டரி தீர்ந்துவிட்டது. சிஆர்2032 என்று அதன் மேலேயே எழுதியிருக்கும்: 20 மில்லிமீட்டர் அகலம், 3.2 மில்லிமீட்டர் கனம், 3 வோல்ட். வாட்ச் கடையில்கூடக் கிடைக்கும். டெஸ்க்டாப்பில் சுவர் ஸ்விட்ச் ஆனில் இருக்கும்வரை எஸ்எம்பிஎஸ் என்ற பவர் சப்ளை பெட்டி தரும் சிறு மின்சாரமே கடிகாரத்தை ஓட்டிவிடும். ராத்திரி மெயினை அணைத்துவிட்டுக் காலையில் ஆன் செய்யும் வீடுகளில்தான் கோளாறு வெளியே தெரியும். சில நேரம் கறுப்புத் திரையில் சிமாஸ் செக்சம் எரர், எஃப்1 அழுத்தவும் என்றும் வரும். மதர்போர்டு போய்விட்டது என்று யார் சொன்னாலும், முதலில் இந்தப் பேட்டரியை மாற்றிப் பாருங்கள். பவர் கேபிளைக் கழற்றிவிட்டு, பழையதை எடுத்து, எழுத்துள்ள பக்கம் மேலே வரும்படி புதியதைப் பொருத்தி, பயோஸில் தேதி நேரத்தைச் சரிசெய்தால் முடிந்தது.

விண்டோஸும் லினக்ஸும் சேர்த்து வைத்திருப்பவர்களுக்கு நேரம் சரியாக ஐந்தரை மணி நேரம் தவறினால் அது பேட்டரி அல்ல. பயோஸ் கடிகாரத்தில் இருப்பதை விண்டோஸ் உள்ளூர் நேரம் என்று எடுத்துக்கொள்கிறது, லினக்ஸ் உலகப் பொது நேரம் என்று எடுத்துக்கொள்கிறது. லினக்ஸில் உள்ளூர் நேரத்தைப் பயன்படுத்தும்படி அமைத்தால் இரண்டும் ஒத்துப்போகும்.

டெஸ்க்டாப் வைத்திருப்பவர்கள் இன்னும் இரண்டு வரிகளைப் பார்க்கலாம். 3200 என்று போட்ட டிடிஆர்4 ரேம் வாங்கியிருந்தாலும், ரேமை அதற்குரிய முழு வேகத்தில் ஓட்டும் எக்ஸ்எம்பி என்ற வரியை ஆன் செய்யாவிட்டால் அது 2133 அல்லது 2400 வேகத்திலேயே ஓடிக்கொண்டிருக்கும்; கொடுத்த காசுக்கு வேகம் கிடைப்பதில்லை. மற்றொன்று ஏசி பவர் லாஸ். கரன்ட் போய் வந்தபின் கம்ப்யூட்டர் தானாக ஆன் ஆக வேண்டுமா, அணைந்தே இருக்க வேண்டுமா என்று அங்கே சொல்லலாம். சிசிடிவி பதிவுக்கோ சர்வராகவோ வைத்திருக்கும் மெஷினுக்கு இது அவசியம்.

பயோஸ் அப்டேட்டைப் பொறுத்தவரை, ஒரு பிரச்சினை தீர வேண்டியிருந்தாலோ பாதுகாப்புக் குறையை அடைக்க வந்திருந்தாலோ செய்யுங்கள். புதிது வந்திருக்கிறது என்பதற்காக மட்டும் டெஸ்க்டாப்பில் அவசரப்பட வேண்டாம். அந்தச் சிப்பில் இருப்பது பாதியில் அழிந்தால் என்ன ஆகும் என்பதை 1999 ஏப்ரல் 26 காட்டியது. சிஐஹெச் என்ற வைரஸ் அன்று விழித்து, பாதிக்கப்பட்ட கம்ப்யூட்டர்களில் டிஸ்க்கோடு பயோஸையும் கெடுக்க முயன்றது. அதில் சிக்கிய போர்டுகள் ஆன் ஆகவே மறுத்தன. அப்டேட்டின் நடுவில் கரன்ட் போனாலும் கிட்டத்தட்ட அதே நிலைதான். டெஸ்க்டாப் என்றால் யுபிஎஸ், லேப்டாப் என்றால் நிறைந்த பேட்டரியோடு சார்ஜரும் செருகியிருக்க வேண்டும். உங்கள் மாடலுக்கான ஃபைலை அந்தக் கம்பெனியின் சொந்தத் தளத்திலிருந்து மட்டுமே எடுங்கள், பிட்லாக்கரைத் தற்காலிகமாக சஸ்பெண்ட் செய்துவிட்டு ஆரம்பியுங்கள்.

எதையோ மாற்றி எங்கோ சிக்கிக்கொண்டால் எஃப்9 அல்லது லோட் டீஃபால்ட்ஸ் கொடுத்துச் சேமிக்கலாம். ஆனால் டீஃபால்ட் என்பது கம்பெனி வைத்த நிலை. உங்கள் விண்டோஸ் நிறுவப்பட்டபோது இருந்த நிலை அல்ல. சாட்டா மோடையும் சிஎஸ்எம்மையும் போனில் உள்ள படத்தோடு ஒப்பிட்டுச் சரிசெய்துவிட்டு வெளியே வாருங்கள். திரையே வராத அளவுக்குப் போய்விட்டால், டெஸ்க்டாப்பில் பவர் கேபிளைக் கழற்றி, அந்தக் காசுப் பேட்டரியைச் சில நிமிடம் எடுத்துவைத்தால் அமைப்புகள் பெரும்பாலும் கம்பெனி வைத்த நிலைக்குப் போய்விடும். மறுபடி ஆன் செய்யும்போது, குறிப்பாக டிடிஆர்5 ரேம் உள்ள மெஷினில், பயோஸ் ரேமை முதலிலிருந்து சோதித்துப் பழகிக்கொள்ளும். அதற்குச் சில நிமிடங்கள் பிடிக்கலாம். ஃபேன் ஓடும், மானிட்டரில் எதுவும் தெரியாது. பொறுமை இழந்து ஆஃப் செய்தால் அந்தச் சோதனை மறுபடி முதலிலிருந்து தொடங்கும் என்பதால், லோகோ வரும்வரை பவர் பட்டனைத் தொடாதீர்கள்.